கேலி செய்தால் பாடம் ஏறுமா?

அமெரிக்க டி.வி.யில் அதிபர் தேர்தலை இவ்வளவு கிண்டல் செய்கிறார்களே, சிரிப்பைத் தவிர ஏதாவது மிஞ்சுமா என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். தேர்தல் பணம் என்ற ஒரு விஷயத்தில் மிஞ்சியது. அதை அளந்தும் பார்த்திருக்கிறார்கள்.

2010-ல் வந்த தீர்ப்புகளுக்குப் பிறகு, வேட்பாளரோடு சேர்ந்து இயங்காத 'சூப்பர் பேக்' குழுக்கள் எவ்வளவு வேண்டுமானாலும் பணம் திரட்டிச் செலவழிக்கலாம் என்றானது. நன்கொடையாளர் பெயரை மட்டும் வெளியிட வேண்டும்.

டி.வி.யில் வலதுசாரி வேடம் போட்டுக் கிண்டல் நிகழ்ச்சி நடத்திய நகைச்சுவையாளர் ஸ்டீபன் கோல்பேர் 2011-ல் தேர்தல் ஆணையத்திடம் முறைப்படி அனுமதி வாங்கி, நிஜமாகவே ஒரு சூப்பர் பேக் தொடங்கினார். அந்த ஆணையத்தின் முன்னாள் தலைவர் ட்ரெவர் பாட்டர்தான் அவருக்கு வக்கீல்!

சரி, பெயர் தெரியாமல் பணம் கொடுக்க ஆசைப்படுபவர் என்ன செய்வார்? எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதுதான். பாட்டர் நிகழ்ச்சியிலேயே வழி சொன்னார். டெலவேர் மாநிலத்தில் ஒரு கம்பெனியைப் பதிவு செய்து, அதை வரிச் சட்டத்தின் 501(சி)(4) பிரிவில் சமூக நல அமைப்பாக நடத்தலாம். அதற்கு யார் கொடுத்தார்கள் என்று ஊருக்குச் சொல்ல வேண்டியதில்லை. அந்த அமைப்பு பணத்தை சூப்பர் பேக்குக்குக் கொடுக்கும். பேக்கின் கணக்கில் அமைப்பின் பெயர் மட்டும் ஏறும். மொய் நோட்டில் கவரை நீட்டியவர் பெயர்தானே ஏறும், உள்ளே பணம் வைத்தவர் யாரென்று யார் கேட்கப்போகிறார்கள்? இதற்கும் கறுப்பை வெள்ளையாக்குவதற்கும் என்ன வித்தியாசம் என்று கோல்பேர் கேட்க, சொல்வது கஷ்டம்தான் என்றார் வக்கீல்.

2012 ஜனவரியில், தென் கரோலினா பிரைமரியில் (கட்சியின் அதிபர் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க மாநிலவாரியாக நடக்கும் தேர்தல்) குதிக்கப்போவதாகச் சொல்லி, வேட்பாளரே பேக்கை நடத்த முடியாது என்பதால் அதை நண்பர் ஜான் ஸ்டூவர்ட்டிடம் கேமரா முன்னாலேயே ஒப்படைத்தார். வாக்குச்சீட்டில் தன் பெயர் இல்லாததால், போட்டியிலிருந்து ஏற்கெனவே விலகியும் சீட்டில் பெயர் இருந்த ஹெர்மன் கெய்னுக்கு ஓட்டுப் போடச் சொன்னார்.

பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தின் அனன்பர்க் மையம் 2014-ல் வெளியிட்ட ஆய்வின்படி, தேர்தல் நிதி விதிகளைப் பற்றி கோல்பேர் ரசிகர்களுக்கு மற்ற செய்தி நிகழ்ச்சிகளின் பார்வையாளர்களைவிட அதிகம் தெரிந்திருந்தது. கருத்துக்கணிப்பு என்பதால் காரணத்தை அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் ஒன்று கவனிக்கத்தக்கது. 2009-ல் வந்த வேறோர் ஆய்வில், அவருடைய வலதுசாரி வேடத்தைப் பார்த்துப் பழமைவாதிகளும் மற்றவர்களும் ஒரே மாதிரி ரசித்தார்கள்; பழமைவாதிகளில் அதிகம் பேர் அவர் மனதார அதையே நம்புகிறார் என்று நினைத்தார்கள். கருத்து இப்படிக் குழம்பலாம். விண்ணப்பமும் சட்டப் பிரிவும் குழம்பாது, ஏனென்றால் அவை நிஜம். பாடம் ஏறியது அதனால்தான் என்பது என் ஊகம்.

2013-ல் அமெரிக்க நாடாளுமன்றம், அரசியலை இப்படி அளந்து பார்க்கும் அரசியல் அறிவியல் ஆய்வுகளுக்கான அரசு நிதிக்குக் கடிவாளம் போட்டது. அடுத்த ஆண்டே அது தளர்ந்தது என்றாலும், தங்களை யார் அளக்கலாம் என்பதை அரசியல்வாதிகளே முடிவு செய்வது எனக்கு ஒப்பவில்லை.