படலை திறந்து கிடக்கும் போல்டர்கள்

"அண்ணா, படம் மட்டும்தான் இறக்கினேன்." மட்டக்களப்பில் லப்டொப் திருத்துகிற எவரைக் கேட்டாலும் இந்த வசனத்தைச் சொல்லிக் காட்டுவார்கள். இந்தக் கிழமையும் ஒரு தம்பி அதையே சொல்லி மெஷினை மேசையில் வைத்தார். கெம்பஸ் வேலைகள், அக்காவின் கலியாணப் படங்கள், எல்லாம் பூட்டுப்பட்டுக் கிடக்கின்றன. திறக்கக் காசு கேட்டு ஒரு கடிதம் வேறு.

படத்தின் பெயரோடு 'இன்டெக்ஸ் ஒஃப்' என்று சேர்த்துக் கூகுளில் தேடியிருக்கிறார். விளம்பரமே இல்லாத வெள்ளைப் பக்கம். பெயர், திகதி, அளவு என்று ஒரு பட்டியல். நீளப் பெயர்களை அந்தப் பட்டியல் பாதியில் வெட்டிவிடும். இறக்கிய பிறகு, ஃபைல் என்ன வகை என்று சொல்லும் கடைசி எழுத்துகளை விண்டோஸ் மறைத்துவிடும். வீடியோவுக்குரிய எம்பி4 என்று தெரிந்ததற்குப் பின்னால், திறந்ததும் ஓடுகிற புரோகிராமுக்குரிய ஈஎக்ஸ்ஈ ஒளிந்திருந்தது. சரி, அதை விடுங்கள், அளவு 3 எம்பி என்று போட்டிருந்ததே! இரண்டரை மணித்தியாலப் படம் அதற்குள் அடங்குமா?

எனக்கு எரிச்சல் அதில்கூட இல்லை. "பாஸ்வேர்ட் கேட்கவில்லை, கூகுளே காட்டியது, எல்லாருக்கும் என்றுதானே போட்டிருப்பார்கள்" என்கிற கதையில்தான். இல்லை ராசா. ஒரு போல்டரில் முகப்புப் பக்கம் இல்லை, பட்டியல் காட்டும் வசதியும் அணைக்கப்படவில்லை என்றால், உள்ளே இருப்பதையெல்லாம் சேர்வர் வரிசையாகக் காட்டும். யாரோ ஒரு செட்டிங்கை மறந்துவிட்டார், அவ்வளவுதான். கூகுள் லிங்க் வழியே போய்க் கண்டதைக் குறித்துக்கொள்ளும். உரிமையாளரிடம் கேட்டுவிட்டுக் குறிப்பதில்லை. படலை திறந்து கிடக்கிறது என்று பக்கத்து வளவுத் தேங்காயைப் பொறுக்கி வருவோமா? அந்தப் படமே அங்கே களவாக ஏற்றப்பட்டதாக இருக்கலாம். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் பாஸ்வேர்ட் இருந்ததா என்று பார்த்து உரிமை கொடுப்பதில்லை.

பழைய படங்கள் பலவற்றைத் தயாரிப்பு நிறுவனங்களே யூடியூப்பில் போட்டிருக்கின்றன. சனல் யாருடையது என்று மட்டும் பாருங்கள். பதிப்புரிமை முடிந்த படங்கள் இன்டர்நெட் ஆர்கைவில் கிடைக்கும். அங்கும் யாரும் எதையும் ஏற்றலாம் என்பதால் உரிமைக் குறிப்பை வாசித்துவிட்டு இறக்குங்கள்.

அடுத்த பேச்சு, வெப்சைட் வைத்திருக்கும் நம்மூர்க்காரர்களுக்கு. விண்ணப்பத்தோடு வந்த அடையாள அட்டைப் பிரதிகள் இதே வெள்ளைப் பக்கத்தில் வரிசையாகக் கிடந்த தளங்களைப் பார்த்திருக்கிறேன். கேட்டால், "அந்த லிங்க் யாருக்குத் தெரியும் சேர்?" தளத்தை நிர்வகிக்கும் சீபெனல் பக்கத்தில் 'இன்டெக்ஸஸ்' என்ற இடத்துக்குப் போய்ப் பட்டியலை அணையுங்கள். அதோடு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். பட்டியல் மறைந்தாலும் முகவரி தெரிந்தவருக்கு ஃபைல் திறக்கும். அடையாள அட்டைகளை, இணையத்துக்குத் திறந்திருக்கும் பப்ளிக் எச்டிஎம்எல் போல்டருக்கு வெளியே வையுங்கள். தேடுபொறிகளுக்குக் குறிப்பு எழுதி வைக்கும் ரோபோட்ஸ் ஃபைலில் 'இங்கே வராதே' என்று எழுதுவது பூட்டு அல்ல, எங்கே பார்க்க வேண்டும் என்று களவனுக்கு வழி காட்டுவது.

இப்படி ஒரு போல்டர் உங்கள் கண்ணில் பட்டால் எதையும் இறக்காமல் தளத்துக்காரருக்கு அறிவியுங்கள். அவர் அசையாவிட்டால், கணினிப் பாதுகாப்புப் பிரச்சினைகளைக் கவனிக்கும் ஸ்ரீலங்கா சேர்ட் நிறுவனத்துக்குச் சொல்லுங்கள். தயவுசெய்து, லிங்கை மட்டும் வட்ஸ்அப் குரூப்பில் போட்டுவிடாதீர்கள்.