எதிர்த்தரப்பு போட்ட அப்பீலை நம்பிச் சும்மா இருக்காதீர்கள்

இரண்டு சொத்துகளுக்கு விளம்புகை (சொத்து தன்னுடையது என்ற அறிவிப்பு) கேட்டு வழக்கு. முதல் சொத்துக்கு டிக்ரி (நீதிமன்றத் தீர்ப்பாணை), இரண்டாவதுக்குத் தள்ளுபடி. பிரதிவாதி முதல் சொத்துக்காக அப்பீல் போனார். வாதி எதுவும் போடவில்லை. சார்பு நீதிமன்றம் பத்திரங்களைப் பார்த்துவிட்டு இரண்டாவது சொத்தும் வாதிக்கே என்று எழுதிவிட்டது. இரண்டாம் மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் அந்தப் பகுதியை நீக்கியது. இப்போது வழக்குக் கட்டோடு என்னிடம் வந்து, "பத்திரம் எங்க பக்கம்தானே சார்?" என்கிறார்கள். பத்திரம் உங்கள் பக்கம்தான். கேட்க வேண்டிய நேரத்தில் கேட்கவில்லையே! இதே மாதிரிக் கட்டுகள் வந்துகொண்டே இருப்பதால்தான் இதை எழுதுகிறேன்.

"அப்பீல் போயிட்டா மொத்த கேஸும் திறந்துடும், ஜட்ஜ் எல்லாத்தையும் பார்ப்பார்" என்ற பேச்சைக் கட்சிக்காரர்கள் மட்டுமல்ல, சில ஜூனியர்களும் நம்புகிறார்கள். முதல் மேல்முறையீட்டில் சாட்சியம், சட்டம் இரண்டையும் பார்ப்பார்கள் என்பது சரி. ஆனால் எதைப் பற்றிய அப்பீலோ அதைப் பற்றித்தான் பார்ப்பார்கள். உங்களுக்கு மறுக்கப்பட்ட பரிகாரத்தை (வழக்கில் கேட்டதை) நீங்கள் எதிர்க்காமல் கெடு தாண்டிவிட்டால், அந்தத் தள்ளுபடி எதிர்த்தரப்புக்குக் கிடைத்த உரிமை. அப்பீல் போட்ட ஒரே காரணத்துக்காக ஒருவர் முன்பைவிட மோசமான நிலைக்குப் போகக் கூடாது. நீதிபதிக்கு உங்கள்மேல் எவ்வளவு அனுதாபம் இருந்தாலும் இது மாறாது.

உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்ன தீர்ப்பு (2003) 9 எஸ்.சி.சி. 606 (எஸ்.சி.சி. என்பது உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளின் தொகுப்பு). ஒரு கிரய ஒப்பந்த வழக்கு அது. பணத்தைத் திருப்பிக் கொடு, தவறினால் கிரயம் செய்துகொடு என்றது விசாரணை நீதிமன்றம். விற்பவர் மட்டும் அப்பீல் போனார். வாங்குபவர் எதுவும் போடவில்லை. இருந்தும் அப்பீல் கோர்ட் நேரடியாகக் கிரயத்துக்கே உத்தரவிட்டது, உயர் நீதிமன்றமும் ஆமோதித்தது. அது செல்லாது என்றது உச்ச நீதிமன்றம்.

உடனே சி.பி.சி. (உரிமையியல் நடைமுறைச் சட்டம்) கட்டளை 41 விதி 33-ஐக் காட்டுவார்கள். பரந்த அதிகாரம்தான். ஆனால் எதற்கு என்று அந்த விதியின் கீழுள்ள எடுத்துக்காட்டே சொல்கிறது: கடன் இருவரில் ஒருவர் தர வேண்டியது, ஒருவர்மீது மட்டும் டிக்ரி, அவர் அப்பீல் போய் ஜெயித்தால், கட்சியாக இருக்கும் மற்றவர்மீது டிக்ரி தரலாம். அப்பீலில் வந்த முடிவோடு டிக்ரி முரண்படாமல் இருக்கத்தான் இது. தூங்கியவருக்கு இழந்ததை மீட்டுக் கொடுக்க அல்ல.

வழக்கு முழுக்க உங்களுக்கு டிக்ரி, ஒரு எழுவினாவில் (வழக்கில் தீர்மானிக்க வேண்டிய கேள்வியில்) மட்டும் எதிரான முடிவு என்றால் நிலைமை வேறு. 1976 திருத்தத்துக்குப் பிறகு அந்த முடிவை எதிர்த்தும், எதிர்த்தரப்பு போட்ட அப்பீலிலேயே நீங்கள் போடும் எதிர் ஆட்சேபணையான கிராஸ் அப்ஜெக்‌ஷன் போடலாம். போடாவிட்டாலும் டிக்ரியைக் காப்பாற்ற அந்த முடிவு தவறு என்று வாதாடலாம் என்று 1999-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனாலும் போட்டுவிடுங்கள் என்பதே என் கருத்து. அப்பீல் வாபஸ் ஆனாலும் கிராஸ் அப்ஜெக்‌ஷன் நிற்கும்.

"ஜெயிச்சாச்சு" என்று வக்கீல் போனில் சொன்னதோடு நிறுத்தாதீர்கள். சான்றிட்ட நகல் வாங்கி, கேட்ட பரிகாரம் ஒவ்வொன்றும் கிடைத்ததா என்று பிளெயிண்டோடு (வழக்கு மனுவோடு) வைத்துப் பாருங்கள். விடுபட்டது இருந்தால் அப்பீல் போட மாவட்ட நீதிமன்றங்களில் 30 நாள், உயர் நீதிமன்றத்தில் 90 நாள். அதைத் தவறவிட்டாலும் ஒரு வாய்ப்பு உண்டு: எதிர்த்தரப்பு அப்பீலின் விசாரணைத் தேதி குறித்த நோட்டீஸ் உங்களுக்கோ உங்கள் வக்கீலுக்கோ சார்வான (முறைப்படி கொடுக்கப்பட்ட) நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் கிராஸ் அப்ஜெக்‌ஷன். கோர்ட் பீஸ் கட்ட வேண்டியிருக்கும், அதற்குத் தயங்கிச் சொத்தை விடாதீர்கள். அந்த நோட்டீஸை மட்டும் தயவுசெய்து பீரோவில் வைத்துப் பூட்டாதீர்கள். வந்த வாரமே தீர்ப்பு நகலோடு வக்கீலிடம் கொண்டுபோய், "நமக்கு மறுத்ததுக்கு என்ன போடப் போறீங்க?" என்று கேளுங்கள்.