காஷ்மீரி பண்டிட்டுகள்: நிவாரணம், வேலை, விட்டு வந்த சொத்து

1989 செப்டம்பரில் ஸ்ரீநகரில் பண்டிட் சமூகத்து வழக்கறிஞர் டீகா லால் டப்லூ தீவிரவாதிகளால் சுட்டுக் கொல்லப்பட்டார். நவம்பரில் அதே சமூகத்தைச் சேர்ந்த ஓய்வுபெற்ற நீதிபதி நீல்காந்த் கஞ்சூ. அடுத்த சில மாதங்களுக்குள் காஷ்மீர் பள்ளத்தாக்கில் இருந்த பண்டிட் (காஷ்மீரி இந்து) குடும்பங்களில் பெரும்பாலானவை உயிருக்குப் பயந்து வீடுவாசலை விட்டு ஜம்முவுக்கும் டெல்லிக்கும் கிளம்பிவிட்டன. அவர்களுக்குச் சட்டப்படி என்னென்ன உரிமை உண்டு என்று பார்ப்போம்.

எதைக் கேட்டுப் போனாலும் முதலில் பார்ப்பது பதிவைத்தான். 1989 நவம்பர் 1-க்குப் பிறகு இடம்பெயர்ந்து, நிவாரண ஆணையரிடம் பதிவு செய்திருக்க வேண்டும். அரசு 2021-ல் நாடாளுமன்றத்தில் சொன்ன கணக்குப்படி பதிவான குடும்பங்கள் 44,167. அதில் இந்துக் குடும்பங்கள் 39,782. மற்றவர்களில் முஸ்லிம்களும் சீக்கியர்களும் உண்டு.

மாத நிவாரணம் தலைக்கு 3,250 ரூபாய். ஆனால் ஒரு குடும்பத்துக்கு 13,000 ரூபாய்க்கு மேல் கிடையாது. அதாவது நான்கு பேரோடு கணக்கு முடிந்துவிடும். வீட்டில் ஐந்தாவதாகப் பாட்டி இருந்தால் அவர் பங்குக்குப் பணம் வராது. ஜம்முவில் ரேஷனாகத் தலைக்கு 9 கிலோ அரிசி, 2 கிலோ கோதுமை மாவு, குடும்பத்துக்கு 1 கிலோ சர்க்கரை. மாத நிவாரணத் தொகை 2018-ல் உயர்த்தப்பட்டது. இன்றைய விலைவாசியில் இதை வைத்து ஒரு குடும்பம் நடத்த முடியாது என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

பிள்ளைகளின் படிப்புக்கு நாடு முழுக்க உயர்கல்வி நிறுவனங்களில் கட்-ஆஃப் மதிப்பெண்ணில் 10 சதவீதம் வரை தளர்வும், 5 சதவீதம் வரை கூடுதல் இடங்களும் உண்டு. வேலைக்கு 2008, 2015 ஆகிய ஆண்டுகளின் இரண்டு பிரதமர் மறுவாழ்வுத் தொகுப்புகளிலும் தலா 3,000 அரசுப் பணியிடங்கள் ஒதுக்கப்பட்டன. ஆனால் வேலை பள்ளத்தாக்கில்தான். 2022 மே மாதம் சாடூரா தாசில்தார் அலுவலகத்துக்குள்ளேயே இந்தத் தொகுப்பில் சேர்ந்த ஊழியர் ஒருவர் சுட்டுக் கொல்லப்பட்டார். அதன்பின் சக ஊழியர்கள் ஜம்முவுக்கு இடமாற்றம் கேட்டு மாதக்கணக்கில் போராடினார்கள். பாதுகாப்பு இல்லாத வேலையை மறுவாழ்வு என்று எப்படிச் சொல்வது?

இவை எல்லாவற்றையும்விட முக்கியமானது என்று நான் நினைப்பது 1997-ல் வந்த சொத்துப் பாதுகாப்புச் சட்டம். இடம்பெயர்ந்தவரின் வீடு, நிலம், தோட்டம் எல்லாவற்றுக்கும் அந்த மாவட்டத்தின் மாஜிஸ்திரேட்தான் பாதுகாவலர். ஆப்பிள் தோட்டத்தை யாரோ வளைத்துப் போட்டிருந்தால், அவரை வெளியேற்றி நிலத்தைக் கையில் எடுக்க வேண்டியது மாஜிஸ்திரேட்டின் பொறுப்பு. வெளியேற்ற உத்தரவை எதிர்த்து மேல்முறையீடு செய்ய ஆக்கிரமிப்பாளருக்கும் வழி இருக்கிறது. ஆனால் முதலில் இடத்தை ஒப்படைத்துவிட்டுத்தான் மேல்முறையீடு செய்ய முடியும். சொத்தை விற்பதாக இருந்தால் உரிமையாளரே ஆனாலும் முன் அனுமதி வாங்க வேண்டும். நெருக்கடியில் அடிமாட்டு விலைக்குப் போய்விடக் கூடாது என்பதற்குத்தான் இந்தத் தடை.

சட்டம் வந்தும் பல ஆண்டுகள் அது ஏட்டோடு நின்றது. 2021 செப்டம்பரில்தான் ஆக்கிரமிப்பு, உரிமையாளர் பெயர் மாற்றம், நெருக்கடி விற்பனை பற்றிய புகார்களை ஆன்லைனில் கொடுக்க ஒரு இணையதளம் திறந்தார்கள். ஜம்முவிலோ டெல்லியிலோ இருந்தபடியே மனு போடலாம். பழைய வருவாய்ப் பதிவேட்டு நகல், சர்வே எண், வாரிசுச் சான்று கையில் இருந்தால் வேலை சுலபம்.

சரி, 1997-க்கு முன்பே விற்றுவிட்டவர்கள்? அந்த விற்பனைகளை இந்தச் சட்டம் தொடவில்லை. 1989 முதல் 1997 வரை விற்றவர்கள் குழு வீட்டுவசதிச் சங்கம் வழியாகப் பள்ளத்தாக்கில் வீடு வாங்கவோ கட்டவோ 2008 தொகுப்பில் குடும்பத்துக்கு 7.5 லட்சம் ரூபாய் ஒதுக்கினார்கள். கிடைத்த விலைக்கு வீட்டைக் கொடுத்துவிட்டு நிவாரண முகாமுக்கு வந்தவர்களுக்கு அது மிகக் குறைவு.