வெறுங்கூடையில் திரும்பி வரும் கோழிநோய்

விடியற்காலையில் ஏறாவூருக்கோ கல்முனைக்கோ ஏற்றிய உயிர்க்கோழி முழுதும் விற்றுத் தீர்ந்தாலும், பட்டா லொறி வெறுமையாகத் திரும்புவதில்லை. கூடை மூலையில் காய்ந்த எச்சம், கம்பியில் ஒட்டிய இறகு, டயரில் சந்தைச் சேறு எல்லாம் கூடவே வரும். அடுத்த பண்ணைக்கு இராணிக்கெட் என்ற வைரஸ் நோய் போய்ச்சேர அது போதும். அறிகுறி தெரியத் தொற்றிய பின் பெரும்பாலும் 5, 6 நாளாகும். வைரசோ அதற்கு முன்னரே மூச்சிலும் எச்சத்திலும் வெளியேறத் தொடங்கிவிடும். ஆகவே “நல்ல கோழிதான் ஏற்றினோம்” என்பது உத்தரவாதமல்ல.

ஏற்றுவதற்கு 6 முதல் 8 மணி நேரம் முன் தீனியை நிறுத்துங்கள். தண்ணீரைக் கடைசிவரை வையுங்கள். குடல் காலியானால் வழியில் எச்சம் குறையும். அடுக்கிய கூடைகளுக்கிடையே தட்டோ பொலித்தீனோ இல்லாவிட்டால், மேல்தட்டு எச்சம் கீழ்தட்டுக் கோழியின் தலையில்தான் விழும். தாராவைக் கோழியோடு ஏற்றவே வேண்டாம். பறவைக்காய்ச்சல் வைரசைத் தாரா நோய் காட்டாமலே சுமக்கக்கூடியது.

பலரும் தவறவிடுவது கூடை கழுவும் ஒழுங்கைத்தான். எச்சம் அப்பிய கூடையில் நேரே குளோரின் ஊற்றினால், அந்த அழுக்கே குளோரினைத் தின்றுவிடும். வைரஸ் அடியில் பத்திரமாக இருக்கும். முதலில் சுரண்டுங்கள். பிறகு சவர்க்காரத் தண்ணீரில் தூரிகையால் தேயுங்கள். இராணிக்கெட், பறவைக்காய்ச்சல் வைரசுகளின் கொழுப்புறையைச் சவர்க்காரமே குலைத்துவிடும். குஞ்சுகளின் எதிர்ப்புச் சக்தியைக் கெடுக்கும் கம்போரோ நோயின் வைரசுக்கு அந்த உறை கிடையாது, மாதக்கணக்கில் தாக்குப்பிடிக்கும். அதைத் தேய்த்து அகற்றுவதே பாதி வேலை. நன்றாக அலசி, நீர் வடிந்தபின் 5 சதவீத பிளீச் 200 மில்லிலீற்றரை 10 லீற்றர் தண்ணீரில் கலந்து தெளித்து, 10 நிமிடமாவது ஈரமாக வைத்திருங்கள். கலவையை அன்றன்றே தயாரிக்க வேண்டும், வெயிலில் வைத்தால் வீரியம் போய்விடும். கடைசியில் கூடையை வெயிலில் காயவிடுங்கள். மாரிக்காலத்தில் வெயிலை நம்ப முடியாது. இரண்டு தொகுதி கூடை வைத்து மாற்றிப் பாவிப்பதே வழி. மரக்கூடையின் வெடிப்புக்குள் தூரிகை போகாது, பிளாஸ்டிக்கே மேல்.

விற்பனை இடத்தில் பழைய கோழியோடு புதியது கலக்கும்வரை தொற்றுச் சங்கிலி அறாது. ஹாங்காங்கில் 2001 முதல் மாதம் ஒருநாள் கடைகளைக் காலியாக்கிக் கழுவ வைத்தார்கள். 2008 இல் உயிர்க்கோழியை இரவு தங்கவிடுவதையே தடுத்தார்கள். நம் ஊர்க் கடைகளிலும் கிழமைக்கொருநாள் கூண்டைக் காலியாக்கலாம், செலவொன்றும் பெரிதல்ல. விற்காத கோழியை மட்டும் வளவுக்குத் திருப்பிக் கொண்டுவராதீர்கள். வேறு வழியே இல்லையென்றால் மூன்று கிழமை தனியாக அடைத்து, தினமும் மற்றக் கோழிகளுக்குப் போட்ட பிறகே அதற்குத் தீனி போடுங்கள்.

வழியில் செத்ததை வாவியில் வீசுவது வழக்கம்போலாகிவிட்டது. கரையோர மணலில் நிலத்தடி நீர் மேலேயே நிற்பதால், கிணற்றுக்குத் தூரமான மேட்டில் குழி தோண்டிச் சுண்ணாம்பு தூவிப் புதையுங்கள். ஒரே தடவையில் பல கோழி செத்தால் புதைக்குமுன் கால்நடை வைத்திய அதிகாரிக்கு அறிவியுங்கள். மாதிரி எடுக்க அவருக்கு அந்தக் கோழி தேவைப்படும்.