குழாய் போகிற திசையில் வளரும் நகரம்

1858 கோடையில் தேம்ஸ் நதியின் நாற்றம் தாங்காமல், பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் ஜன்னல் திரைகளைச் சுண்ணாம்புக் குளோரைடில் நனைத்துத் தொங்கவிட்டார்கள். அன்றைய லண்டனை ஏராளமான குட்டி உள்ளூர் சபைகள் ஆண்டுகொண்டிருந்தன. ஒவ்வொன்றும் தன் பகுதிக் கழிவைத் தள்ளிவிட்டால் போதும் என்று இருந்தது. எல்லாம் போய்ச் சேர்ந்த இடம் நதி. ஊருக்குப் பொதுவாக ஒரு வாரியம் 1855-லேயே அமைந்திருந்தும், பெரிய வேலை எதையும் தானாகத் தொடங்க அதற்கு அதிகாரம் இல்லை. நாற்றம் நாடாளுமன்ற உறுப்பினர்களின் மூக்கிலேயே ஏறிய பிறகு, வாரியத்துக்கு அந்த அதிகாரம் தரும் சட்டம் சில வாரங்களில் நிறைவேறியது. பொறியாளர் ஜோசப் பேசல்ஜெட் சுமார் 130 கிலோமீட்டர் நீளத்துக்குப் பிரதான கழிவுநீர்க் கால்வாய்களைக் கட்டினார். லண்டன் முழுமைக்குமான அரசாங்கம் பிறந்தது சாக்கடை வழியாகத்தான்.

பெருநகரங்களின் அடிப்படைச் சிக்கல் இன்றும் இதுதான். மக்கள் வாழும் நகரம் ஒன்று, சட்டம் அங்கீகரிக்கும் நகரம் வேறு. மக்கள் வாழும் நகரத்தைப் புள்ளியியலாளர்கள் வேலைப் பயணத்தை வைத்து அளக்கிறார்கள். ஓர் ஊரில் வேலை செய்பவர்களில் 15 சதவீதம் பேராவது மைய நகரத்துக்குப் போய் வந்தால், அந்த ஊரும் பெருநகரத்தில் சேர்த்தி என்பது ஓஇசிடி என்ற பன்னாட்டுப் பொருளாதார அமைப்பின் கணக்கு. இந்த அளவுகோலில் பாரிஸ் 1 கோடி பேருக்கு மேல் வாழும் பகுதி. பாரிஸ் மேயரின் ஆட்சி எல்லையோ சுமார் 105 சதுர கிலோமீட்டர். அதற்குள் சுமார் 21 லட்சம் பேர்தான்.

எல்லை எங்கே இருந்தால் என்ன என்று கேட்கலாம். சொத்து வரியில் வந்து நிற்கும்போது தெரியும். ஒரு நகராட்சி தன் எல்லையோரத்தில் பெரிய ஷாப்பிங் மாலை அனுமதிக்கிறது. வரி அதற்கு, நெரிசல் பக்கத்து ஊருக்கு. மலிவான வீடுகளைக் கட்டினாலோ வரி குறைவு, பள்ளிச் செலவு அதிகம். ஆகவே எல்லோருக்கும் அலுவலகங்கள் வேண்டும், குறைந்த வருமானக்காரர்களின் வீடுகள் யாருக்கும் வேண்டாம். தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொரு முடிவிலும் நியாயம் இருக்கும். சேர்த்துப் பார்த்தால், வேலை ஒரு கோடியிலும் வீடு மறுகோடியிலுமாக ஒரு நகரம்.

எல்லாவற்றையும் ஒன்றாக இணைத்துவிட்டால்? நியூயார்க் 1898-ல் அப்படித்தான் ஐந்து பகுதிகளைக் கொண்ட மாநகரமானது. 1998-ல் ஆறு நகராட்சிகளை இணைத்து இன்றைய டொராண்டோ உருவானது. ஆனால் அதற்குள் நகரம் புதிய எல்லையையும் தாண்டி வெகுதூரம் பரவிவிட்டிருந்தது. இணைப்பால் பலன் உண்டு, ஆனால் எல்லைச் சண்டை இன்னும் கொஞ்சம் வெளியே தள்ளிப்போகும், அவ்வளவுதான்.

இரண்டு அடுக்கு ஆட்சி இன்னொரு வழி: குப்பை, தெருவிளக்கு கீழ் அடுக்கான உள்ளூர் சபைகளுக்கு; போக்குவரத்து, நிலத் திட்டம் மேல் அடுக்கான பெருநகர மன்றத்துக்கு. இங்கே வேறு ஆபத்து. பெருநகர மன்றம் வலுவானால் தேசிய அரசுக்கே போட்டியாகிவிடும். 1965-ல் உருவான பெருநகர லண்டன் மன்றம், 80-களில் நாடாளுமன்றத்துக்கு எதிர்க்கரையில் இருந்த தன் கட்டடத்தின் உச்சியில் வேலையில்லாதோர் எண்ணிக்கையைப் பெரிதாக எழுதி வைத்தது. பிரதமர் தாட்சரின் அரசு 1986-ல் மன்றத்தையே கலைத்தது. பிறகு 2000 வரை லண்டன் முழுமைக்கும் தேர்ந்தெடுக்கப்பட்ட அமைப்பு எதுவும் இல்லை.

அரசியலைத் தொடாமல் ஒரே ஒரு சேவையை மட்டும் இணைப்பது இதைவிடச் சத்தமில்லாத வழி. ஹாம்பர்க்கில் 1965-ல் போக்குவரத்து நிறுவனங்கள் கூட்டமைப்பாகச் சேர்ந்தன. உரிமையாளர்கள் தனித்தனி, கட்டணமும் டிக்கெட்டும் பொது.

எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு அமெரிக்காவின் மினியாபொலிஸ்–செயின்ட் பால் பகுதியில் இருக்கிறது. அங்கே புறநகர் வீடுகளின் கழிவுத் தொட்டிகளிலிருந்து கசிந்த நீர் குடிநீர்க் கிணறுகளில் கலந்தது பெரிய பிரச்சினையானது. 1967-ல் பெருநகர மன்றம் உருவாக அதுவும் ஒரு காரணம். கழிவுநீர்ப் பிரதான குழாயை எதுவரை நீட்டுவது என்பது இன்று இந்த மன்றத்தின் கையில். குழாய் வராத இடத்தில் அடுக்குமாடி எழும்பாது. திட்ட வரைபடத்தில் மஞ்சள், பச்சை என்று நிறம் தீட்டுவதைவிட இதற்குப் பலம் அதிகம்.

அடுத்து வரி. 1971-ல் வந்த சட்டத்தின்படி, அந்த ஆண்டுக்குப் பிறகு ஓர் ஊரின் வணிக, தொழில் கட்டடங்களின் வரி மதிப்பு 100 கூடினால், 60 அந்த ஊருக்கு. மீதி 40, அந்தப் பெருநகரத்தின் ஏழு மாவட்டங்களுக்கும் பொதுவான தொகுப்புக்கு. தொகுப்பைப் பங்கிடும்போது மக்கள்தொகையோடு தலைக்கு எவ்வளவு சொத்து மதிப்பு என்பதையும் பார்க்கிறார்கள்; குறைவாக உள்ள ஊருக்குக் கூடுதல் பங்கு. நீதிமன்ற வழக்கைத் தாண்டி இந்தச் சட்டம் 1975-ல் நடைமுறைக்கு வந்தது. பக்கத்து ஊரில் மால் வந்தாலும் நமக்கும் கொஞ்சம் வரும் என்றானபின், அதை இழுக்க முட்டி மோதுவதில் பழைய வேகம் இருக்காது. ஒரு குறையும் உண்டு: மன்ற உறுப்பினர்களை ஆளுநர் நியமிக்கிறார். குழாயின் திசையை முடிவு செய்பவர்களை மக்கள் வாக்களித்து மாற்ற முடியாது.

அமெரிக்காவின் ஆரிகன் மாநிலத்தில் உள்ள போர்ட்லாண்டில் பெருநகர மன்றத்தை மக்களே தேர்ந்தெடுக்கிறார்கள். 1979 முதல் அங்கே நகர வளர்ச்சிக்கு எல்லைக் கோடு உண்டு. கோட்டுக்குள் அடுத்த 20 ஆண்டுத் தேவைக்கு நிலம் இருக்கிறதா என்று அவ்வப்போது கணக்குப் பார்த்து, தேவைப்பட்டால் நகர்த்துகிறார்கள். ஆனால் கொலம்பியா நதியோடு மன்றத்தின் அதிகாரம் முடிகிறது. அக்கரையில் இருக்கும் வான்கூவர், அதே பெருநகரத்தின் பகுதி என்றாலும், வாஷிங்டன் மாநிலம். அங்கே சம்பளத்துக்கு மாநில வருமான வரி இல்லை, இக்கரை ஆரிகனில் விற்பனை வரி இல்லை. அங்கே குடியிருந்து இங்கே வந்து கடைக்குப் போவது பலருக்கும் கட்டுப்படியாகும். இரு கரைகளையும் இணைக்கும் நெடுஞ்சாலைப் பாலத்தின் ஒரு பாதி 1917-ல் திறந்தது. அதற்குப் பதிலாகப் புதுப் பாலம் கட்டப் பல ஆண்டுகள் திட்டமிட்டும், 2013-ல் வாஷிங்டன் மாநில செனட் நிதி ஒதுக்காமலே கூட்டத்தொடரை முடித்ததில் அந்தத் திட்டம் நின்றுபோனது.