தக்க ஏற்பாடு: ‘ரீசனபிள் அக்காமடேஷன்’ என்ற தொடருக்குத் தமிழ்

மாற்றுத்திறனாளிகளின் பணி உரிமை பற்றிய ஆவணங்களில் தவறாமல் இடம்பெறும் ‘ரீசனபிள் அக்காமடேஷன்’ என்ற தொடர், இயந்திர மொழிபெயர்ப்பில் சிலவேளை ‘நியாயமான தங்குமிடம்’ என்றும் ‘நியாயமான இடவசதி’ என்றும் வந்து நிற்கிறது. விடுதி அறைக்கும் ஆங்கிலத்தில் அதே சொல் வழங்குவதால் நேர்ந்த பிழை இது. படிப்பவர் சிரித்துவிட்டுத் திருத்திக்கொள்வார். ‘நியாயமான சலுகை’ என்ற பெயர்ப்பு அப்படிப்பட்டதன்று. படிப்பதற்குப் பிழையில்லாதது போல் தோன்றிக்கொண்டே, தொடரின் சட்டப் பொருளை அது தலைகீழாக்கிவிடுகிறது.

இத்தொடர் குறிப்பது என்ன என்பதை ஓர் அலுவலகத்தை வைத்துப் பார்க்கலாம். பார்வையற்ற எழுத்தர் ஒருவருக்குத் திரையில் உள்ளதை ஒலியாகப் படித்துக்காட்டும் மென்பொருளை நிறுவித் தருவதும், செவித்திறன் குறைந்தவர் கலந்துகொள்ளும் கூட்டத்துக்குச் சைகைமொழி பெயர்ப்பாளரை வரவழைப்பதும், சக்கர நாற்காலியில் வருபவரின் பிரிவை மாடியிலிருந்து தரைத்தளத்துக்கு மாற்றுவதும், மனநலச் சிகிச்சையில் இருப்பவருக்கு இரவுப் பணியைத் தவிர்த்துக் கொடுப்பதும் இதில் அடங்கும். கட்டடத்தின் வாசலில் சாய்தளம் அமைப்பது இதனோடு நெருங்கியதே எனினும் வேறானது: அது யார் வருவார் என்று தெரியாத நிலையிலும் எல்லோருக்குமாக முன்கூட்டியே செய்யவேண்டிய அணுகல் வசதி, இதுவோ குறிப்பிட்ட ஒருவர், குறிப்பிட்ட ஒரு வேலையில் எதிர்கொள்ளும் தடையை, அவரோடு பேசி, அவருக்கென்று நீக்குவது.

‘அக்காமடேஷன்’ என்பதன் வேர் லத்தீனில் உள்ளது. ‘மோதுஸ்’ என்றால் அளவு. அதிலிருந்து ‘கொம்மோதுஸ்’, அதாவது அளவுக்குப் பொருந்தியது. அதிலிருந்து பொருந்தச் செய்வதைக் குறிக்கும் வினை. உடம்புக்கு அளவெடுத்துச் சட்டை தைப்பதற்கு நெருக்கமான கருத்து இது. தங்குமிடம் என்ற பொருள் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது.

சட்டத்துக்குள் இத்தொடர் நுழைந்தது ஊனத்தை முன்னிட்டு அன்று என்பது பலருக்கு வியப்பளிக்கும். அமெரிக்காவின் 1964ஆம் ஆண்டுக் குடிமை உரிமைகள் சட்டத்தில் 1972இல் செய்யப்பட்ட திருத்தம், ஊழியரின் சமய ஒழுக்கங்களுக்கு, ஓய்வுநாள் அனுசரிப்பு போன்றவற்றுக்கு, முதலாளி இயன்றவரை இடம்கொடுக்கவேண்டும் என்றது. அங்கிருந்து மாற்றுத்திறனாளிகள் பற்றிய விதிகளுக்குச் சென்று, 1990ஆம் ஆண்டின் அமெரிக்க மாற்றுத்திறனாளிகள் சட்டத்தில் இது நிலைபெற்றது. பிரிட்டன் தனது 1995ஆம் ஆண்டுச் சட்டத்தில் ‘சரிக்கட்டல்’ என்ற பொருள்படும் வேறு சொல்லை எடுத்துக்கொண்டது. 2006ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகள் அவை ஏற்ற மாற்றுத்திறனாளிகள் உரிமை உடன்படிக்கை பழைய தொடரையே உலகப் பொதுவாக்கியது. இந்தியா அதை 2007இல் ஏற்று, 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தில் அந்த வரையறையை ஏறத்தாழ அப்படியே எழுதிக்கொண்டது.

‘சலுகை’ ஏன் பொருந்தாது என்பதற்கு விடை அந்தச் சட்டத்திலேயே இருக்கிறது. இத்தகைய ஏற்பாட்டைச் செய்து தர மறுப்பதையும் பாகுபாடு என்றே அது வரையறுக்கிறது. அரசு நிறுவனங்கள் தம் ஊழியர்களுக்கு இதைச் செய்தே ஆகவேண்டும் என்று 20ஆம் பிரிவு விதிக்கிறது. சலுகை என்பது கொடுப்பவரின் மனத்தைப் பொறுத்தது. இன்று கொடுத்ததை நாளை நிறுத்தலாம், யாரும் கேட்க முடியாது. எழுதுவதில் கை தடைப்படும் ஒருவர் குடிமைப் பணித் தேர்வில் தமக்காக எழுதுபவரைக் கேட்ட வழக்கில் (விகாஸ் குமார் வழக்கு, 2021) உச்ச நீதிமன்றம், 40 சதவீத ஊனம் என்ற வரம்பை எட்டாதவருக்கும் இந்த உரிமை உண்டு என்றது. 40 சதவீதம் என்பது இடஒதுக்கீடு போன்றவற்றுக்கு வைத்த அளவுகோல்; அதைக் கொண்டுவந்து இதற்குப் பூட்டுப் போடலாகாது என்பதே தீர்ப்பின் சாரம்.

‘தகவமைப்பு’ என்றும் சிலர் எழுதுகின்றனர். நல்ல தமிழ்தான், ஆனால் பள்ளி உயிரியலில் அச்சொல் ஏற்கெனவே குடியேறிவிட்டது. ஒட்டகம் பாலைவனத்துக்கு ஏற்பத் தன்னை மாற்றிக்கொள்வது தகவமைப்பு. இங்கே கருத்து நேர் எதிரானது: பாலைவனம்தான் மாறவேண்டும்.

‘நியாயமான’ என்ற அடைமொழியிலும் சிக்கல் உண்டு. ‘கேட்பது நியாயமாக இருந்தால் தருகிறோம்’ என்ற தொனி அதில் வந்துவிடுகிறது. உடன்படிக்கையைக் கண்காணிக்கும் குழு 2018ஆம் ஆண்டின் பொதுக் கருத்துரையில், இந்த அடைமொழியை விதிவிலக்காகப் படிக்கக்கூடாது, அந்த ஏற்பாடு அவருக்குப் பொருத்தமாகவும் பயன்தருவதாகவும் இருக்கவேண்டும் என்பதே அதன் பொருள் என்று விளக்கியது. முதலாளி மறுப்பதற்கு உள்ள வரம்பு ‘மிகைச்சுமை’, அதாவது அளவுக்கு மீறிய சுமை, என்ற தனித் தொடரில் இருக்கிறது. அதைக் காட்டி மெய்ப்பிக்கும் பொறுப்பும் அவருடையது.

ஆகவே எனது தேர்வு ‘தக்க ஏற்பாடு’. ‘ஏல்’ என்ற வேருக்குப் பொருந்துதல் என்றும் ஏற்றுக்கொள்ளுதல் என்றும் பொருள் இருப்பதால், லத்தீன் சொல்லின் கருத்து ‘ஏற்பாடு’ என்பதில் இயல்பாகவே கிடைக்கிறது. பேச்சிலும் ‘ஏற்பாடு பண்ணிக் கொடுத்தார்கள்’ என்பதை எல்லோரும் அறிவர். ‘தக்க’ என்பது ‘தகு’ என்ற அடியிலிருந்து வருவது. மாற்றுத்திறனாளியை வாசலிலேயே திருப்பி அனுப்பப் பயன்படும் ‘தகுதி’யும் அதே அடியில் பிறந்ததுதான். ஆனால் திருக்குறளின் நடுவு நிலைமை அதிகாரம் தொடங்குவதே ‘தகுதி’ என்ற சொல்லில்; அங்கே அதற்கு உரையாசிரியர் கொண்ட பொருள் நடுவுநிலைமை.

வழக்கில் இதைக் கையாளும்போது வினையையும் கவனிக்கவேண்டும். சலுகை ‘வழங்கப்படும்’; ஏற்பாடு ‘செய்து தரப்படும்’. விண்ணப்பத்தில் ‘எனக்குத் தக்க ஏற்பாடு செய்து தர வேண்டுகிறேன்’ என்று எழுதி, அடுத்த வரியிலேயே என்ன ஏற்பாடு என்பதையும் குறிப்பிட்டுவிடலாம்: கணினியில் திரைவாசிப்பான், அல்லது காலை ஒன்பதுக்குப் பதில் பத்து மணி.