முட்டை இல்லைதான், ஆனால் மைதா இருக்கிறதே

பேக்கிங் வகுப்பில் ஷார்ட்பிரெட் என்கிற வெண்ணெய் பிஸ்கட்டைச் சொல்லிக்கொடுக்கும்போதெல்லாம் யாராவது பிசைந்த மாவைக் கிள்ளி வாயில் போட்டுக்கொள்வார்கள். "இதில் முட்டையே இல்லையே, என்ன ஆகிவிடும்?" என்பார்கள். எடை அளவில் சர்க்கரை ஒரு பங்கு, வெண்ணெய் இரண்டு, மைதா மூன்று. ஸ்காட்லாந்தின் இந்தப் பழைய கணக்கில் முட்டைக்கு இடமில்லைதான். நான் பயப்படுவது மைதாவுக்கு.

பார்க்க வெள்ளையாக, சுத்தமாக இருந்தாலும் மைதா சமைக்காத பொருள். கோதுமை வயலில் நிற்கும்போதே விலங்குகள், பறவைகளின் எச்சத்திலிருந்து ஈ.கோலை, சால்மோனெல்லா கிருமிகள் அதில் ஒட்டிக்கொள்ளலாம். அரைத்தாலும் சலித்தாலும் அவை சாவதில்லை. உலர்ந்த மாவில் பெருகாது, ஆனால் மாதக்கணக்கில் உயிரோடு கிடக்கும். ஃபிரிட்ஜில் வைத்தாலும் போகாது. 2016இல் அமெரிக்காவில் மாவு வழியாகப் பரவிய ஈ.கோலை தொற்றில் 63 பேர் பாதிக்கப்பட்டார்கள். உணவகத்தில் விளையாடக் கொடுத்த பச்சை மாவைத் தொட்ட குழந்தைகளும் அதில் இருந்தார்கள். இந்த வகை ஈ.கோலை சின்னக் குழந்தைகளின் சிறுநீரகத்தையே செயலிழக்கச் செய்யக்கூடியது.

மைதாவை முதலில் வறுத்துவிட்டால் போதாதா என்று கேட்கிறார்கள். ஈரமில்லாத மாவில் கிருமிகள் சூட்டை நன்றாகவே தாங்கும், வீட்டுக் கடாயில் எல்லா இடமும் ஒரேபோல் சூடாகவும் செய்யாது. அதை நம்பாதீர்கள்.

சரி, ருசி எப்படிப் பார்ப்பது? மைதா போடுவதற்கு முன்பே பாருங்கள். வெண்ணெயையும் சர்க்கரையையும் குழைத்த நிலையில் உப்பும் இனிப்பும் அப்படியே நாக்கில் தெரியும். அதற்குப் பிறகு வாய்க்கு வேலை இல்லை. குழந்தைகள் மாவை வெட்டட்டும், முள்கரண்டியால் குத்தட்டும். முடித்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். மாவுத்தூள் பறக்கும் மேடையில் நறுக்கிய பழத்தை வைக்காதீர்கள்.

அப்புறம், வேகவைப்பது. ஷார்ட்பிரெட்டை வெளிறிய நிறத்திலேயே எடுப்பதால் நடுவில் பச்சையாக நின்றுவிட வாய்ப்பு அதிகம். 160 டிகிரி செல்சியஸில் நிதானமாக, ஓரம் இளம் பொன்னிறமாகும்வரை விடுங்கள். ஆறியதும் ஒன்றை உடைத்துப் பாருங்கள். உள்ளே முழுக்க ஒரேபோல் மணல்மணலாக உதிர வேண்டும். நடுவில் எண்ணெய்ப்பசையோடு கருத்த கோடு தெரிந்தால் வேகவில்லை, தட்டை மறுபடி ஓவனுக்குள் தள்ளுங்கள். குழந்தைகளால் பொறுக்க முடியவில்லையா? வெட்டும்போது மிஞ்சும் ஓரத் துண்டுகளை மெல்லியதாகத் தட்டித் தனித் தட்டில் வையுங்கள், அவை முதலில் வெந்துவிடும்.